வியாழக்கிழமை டப்பிங்

என்னை உங்களுக்குத் தெரியும். பேர் தெரியாது, முகம் தெரியும். பஸ்ஸில் எதிர் சீட்டில் உட்கார்ந்திருப்பவர் என்னையே உற்றுப் பார்ப்பார், புருவத்தைச் சுருக்குவார், இறங்குகிற நேரத்தில் கேட்டேவிடுவார்: "நீங்க பேங்க்லதானே இருக்கீங்க?" நானும் ஆமாம் என்று சொல்லிவிடுவேன். இல்லை, நடிகன் என்று சொன்னால் எந்தப் படம் என்பார்கள். படத்தைச் சொன்னால் அதில் எங்கே வந்தீர்கள் என்பார்கள். அதற்குப் பேங்க்கிலேயே இருந்துவிட்டுப் போகலாம்.

இருபத்திரண்டு வருஷமாக இதுதான் பிழைப்பு. கதாநாயகியின் அப்பா கையெழுத்துப் போடும்போது பக்கத்தில் ஃபைலைப் பிடித்துக்கொண்டு நிற்பவன் நான். வில்லன் இறங்கினால் கார்க் கதவைத் திறப்பவன் நான். ஒரு சீரியலில் டாக்டராக வந்து தலையை இடமும் வலமும் ஆட்டிவிட்டுப் போனேன். அந்த ஒரு ஆட்டலுக்கு அந்தக் குடும்பம் இரண்டு வாரம் அழுதது. திரையில் வந்த என் முதல் வசனம் "கார் ரெடி சார்". அதற்குப் பதினோரு டேக் வாங்கினேன். அன்றிலிருந்து செட்டில் எனக்கு அதுதான் பேர். "கார் ரெடியைக் கூப்பிடுப்பா", "கார் ரெடி சாப்பிட்டாச்சா?" என்பார்கள். என் சொந்தப் பேரைச் சொன்னால் எங்கள் மேக்கப்மேனே அது யார் என்று கேட்பார்.

அப்பாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் முப்பத்து நாலு வருஷம் ஆபரேட்டர். காதில் ஹெட்போன், எதிரே ஓட்டை ஓட்டையாக ஒரு பலகை, கையில் வயர். வெளியூருக்குப் பேச வேண்டும் என்று யாராவது வாயைத் திறந்தால் போதும், பேரைச் சொல்வதற்குள் "சொல்லுங்க, மரக்கடை முதலாளி" என்பாராம். ஜலதோஷம் பிடித்திருந்தாலும் ஆளைக் கண்டுபிடிப்பார். அழுது முகம் கழுவிவிட்டுப் பேசினாலும் கண்டுபிடிப்பார். "மூஞ்சி மாறும்டா. குரல் மாறாது. முப்பத்து நாலு வருஷத்துல ஒருத்தன் என்னை ஏமாத்தினது கிடையாது." இதை அவர் சொல்லாத வாரம் எங்கள் வீட்டில் கிடையாது.

அவருக்கு என் தொழில் மேல் துளி மரியாதை இல்லை. குற்றம் சொல்ல முடியாது, ஆரம்பித்து வைத்தவன் நான். முதல் படத்தில் கதாநாயகனின் நண்பன் வேஷம் என்று தெரு முழுக்கத் தம்பட்டம் அடித்தேன். ஒன்பது நாள் ஷூட்டிங் போனது பொய்யில்லை. படம் வந்த அன்று அப்பா, அம்மா, அக்கா, அத்தான், பக்கத்து வீட்டார் என்று ஒரு வரிசை முழுக்க உட்கார்த்தி வைத்தேன். "இதோ, அடுத்த சீன்" என்றேன். "இது இல்ல, இதுக்கு அடுத்தது" என்றேன். சொல்லிக்கொண்டே இருந்தேன், விளக்கைப் போட்டுவிட்டார்கள். ஒன்பது நாளையும் வெட்டி எறிந்திருந்தார்கள், எனக்குச் சொல்ல வேண்டும் என்று ஒருத்தருக்கும் தோன்றவில்லை. "நடிச்சேன்ப்பா, வெட்டிட்டாங்க" என்றேன். அத்தான் மட்டும் இருமினார். அப்பா முன்னால் நடந்து போய்விட்டார்.

அதற்குப் பிறகு அவர் டிவியில் செய்தி மட்டும்தான் பார்ப்பார். என் சீரியல் ஆரம்பித்தால் நாற்காலியை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொள்வார். ஒரே ஒரு தடவை, நான் மூன்று எபிசோட் பிணமாகக் கிடந்தபோது, தலையைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "இதுல குறை சொல்ல முடியாது" என்றார். என் நடிப்புக்கு அவர் கொடுத்த ஒரே சான்றிதழ் அதுதான்.

அம்மா போன மறு வருஷம் அவருக்குக் கண் போய்விட்டது. உள்ளே அழுத்தம் ஏறி நரம்பு செத்துவிட்டது என்றார் டாக்டர். நிஜ டாக்டர். அவரும் தலையை இடமும் வலமும்தான் ஆட்டினார், என் அளவுக்கு நன்றாக ஆட்டவில்லை. பகல், இருட்டு என்ற வித்தியாசம் மட்டும் அப்பாவுக்கு மிஞ்சியது.

கண் இருந்தவரைக்கும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்த மனுஷன், கண் போன பிறகு நாற்காலியை டிவி பக்கம் திருப்பினார். தினமும் மதியம் இரண்டு மணிக்கு வந்து உட்கார்ந்துவிடுவார். என் மனைவி பக்கத்தில் உட்கார்ந்து சொல்வாள்.

"இப்ப வர்றாரு மாமா. நீலச் சட்டை."

"பேசறானா?"

"இல்ல மாமா. தலையாட்டினாரு."

"அப்புறம்?"

"போயிட்டாரு."

ஷூட்டிங் இல்லாத நாளில் நானும் சமையலறை வாசலில் நின்று இதைக் கேட்டிருக்கிறேன். ஒருநாள் என் பக்கம் முகத்தைத் திருப்பி, "எப்படா பேசுவே?" என்றார். கிண்டலாகக் கேட்டிருந்தால் பதிலுக்கு ஏதாவது சொல்லியிருப்பேன். நிஜமாகவே கேட்டார். அவருக்கு எழுபத்தொன்பது வயது. என்னைப் பார்க்கத்தான் முடியாது, ஒரு தடவை கேட்கவாவது வேண்டும் என்று ஆசைப்படுகிறார் என்று எனக்குப் புரிந்தது.

அந்தச் சமயத்தில்தான் அந்தப் படம் வந்தது. எங்கள் சீரியலில் உதவி இயக்குநராகக் குடையும் கையுமாக அலைந்த பெண் ஒருத்தி, முதல் படம் இயக்கப் போனாள். போகும்போது என்னை மறக்கவில்லை. "அண்ணே, ஒரே ஒரு சீன். மூணு நிமிஷம். நீங்க மட்டும்தான் பேசறீங்க" என்றாள். பஸ் டிரைவர் வேஷம். அவன் ஓட்டிய பஸ்ஸில் அடிபட்டு ஒரு குழந்தை செத்துப்போய்விட்டது. ஒரு வருஷம் கழித்து அந்தக் குழந்தையின் வீட்டு வாசலில் வந்து நிற்கிறான். அம்மாக்காரி கதவைத் திறக்கிறாள். அவன் பேசுகிறான்.

வசனத்தை மொட்டை மாடியில் வைத்துத்தான் சொல்லிப் பார்த்தேன். "என்ன வேஷம், என்ன வசனம்டா? எனக்குச் சொல்லேன்" என்று அப்பா இரண்டு தடவை கேட்டார். "தியேட்டர்ல கேளுங்கப்பா. இப்பவே சொல்லிட்டா என்ன இருக்கு?" என்றேன். பெரிய ரகசியம் மாதிரிப் பொத்திப் பொத்தி வைத்தேன். வீட்டுக்கூடத்தில் ஒரே ஒரு தடவை சத்தமாகச் சொல்லியிருந்தால் போதும், பின்னால் நடந்தது எதுவும் நடந்திருக்காது.

ஒட்டுத் தாடி வைத்து, தலையை நரைக்க வைத்து, ஒரே காலையில் எடுத்தார்கள். இரண்டாவது டேக் ஓகே. யாரும் கைதட்டவில்லை. மேனேஜர் "சாப்பாடு" என்று கத்தினார், அவ்வளவுதான். ஆனால் அம்மாவாக நடித்த நடிகை என்னிடம் வந்து, "உங்க பேர் என்ன சார்?" என்று கேட்டார். சொன்னேன். சொல்லும்போது என் பேரே எனக்குப் புதுசாக இருந்தது.

இங்கே எங்கள் தொழிலைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். எடுக்கும்போது நாங்கள் என்ன பேசினாலும் அது கணக்கில் வராது. ஜெனரேட்டர் சத்தமும் காக்காய்ச் சத்தமும் சேர்ந்து பதிவாகியிருக்கும். பிறகு ஒருநாள் டப்பிங் அறைக்குப் போய், திரையில் ஓடும் நம் உதட்டைப் பார்த்துக்கொண்டே மைக் முன்னால் நின்று அத்தனையும் மறுபடி பேச வேண்டும். அதுதான் படத்தில் வரும். நாம் போகாவிட்டால் அந்த வேலைக்கென்றே இருக்கிற ஒருவர் வந்து பேசிவிட்டுப் போவார். உதடு என்னுடையது, குரல் அவருடையது. பார்க்கிறவர்களுக்கு வித்தியாசமே தெரியாது.

வியாழக்கிழமை டப்பிங் என்று சொன்னார்கள். புதன்கிழமை சாயங்காலம் சீரியல் மேனேஜர் போன் செய்தார். "கார் ரெடி அண்ணே, நாளைக்கு வந்துடுங்க. உங்க சீன் இருக்கு."

முடியாது என்று சொல்லியிருக்கலாம். ஒரே ஒரு வார்த்தை. இருபத்திரண்டு வருஷத்தில் அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொன்னது கிடையாது. அந்தச் சீரியலிலும் எனக்கு டிரைவர் வேஷம்தான், மாதம் பத்து நாளாவது வேலை இருக்கும். வராதவனை அவர்கள் திட்ட மாட்டார்கள். "டிரைவர் ஊருக்குப் போயிட்டான்" என்று யாராவது போகிற போக்கில் ஒரு வரி சொல்வார்கள், அத்தோடு கதை முடிந்தது. அப்படி ஊருக்குப் போனவர்கள் ஒருத்தரும் திரும்பி வந்து நான் பார்க்கவில்லை. சரி என்று சொல்லிவிட்டு, படக் கம்பெனிக்குப் போன் போட்டு, "சனிக்கிழமை வந்து பேசிடறேன்" என்றேன்.

"பரவால்ல சார், நாங்க பார்த்துக்கறோம்" என்றது மறுமுனை.

நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்றால் எங்கள் தொழிலில் என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியாதா? தெரியும். தெரிந்தும் கேட்காத மாதிரி இருந்துவிட்டேன். மனைவி காய் நறுக்கிக்கொண்டிருந்தவள் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, "படத்துக்குப் போங்க. மாமா காத்துக்கிட்டிருக்காரு" என்றாள். "உனக்கு என்ன தெரியும் தொழிலைப் பத்தி?" என்று அவள் மேல் எரிந்து விழுந்தேன். அவள் மேல் கோபமே இல்லை. அவள் சொன்னது சரி என்று தெரிந்ததால் வந்த ஆத்திரம்.

வியாழக்கிழமை காலை ஏழு மணிக்கே டிரைவர் யூனிஃபார்மை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். பதினோரு மணிக்கு டீ. ஒரு மணிக்குச் சாப்பாடு. கதாநாயகிக்கு ஒற்றைத் தலைவலி, அதனால் மூன்று மணிவரை அவரவர் செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தோம். நாலே காலுக்கு என்னைக் கூப்பிட்டார்கள். படியில் இறங்கி வரும் பெரியவரிடம் நான் ஒன்று சொல்ல வேண்டும்.

"கார் ரெடி சார்."

இந்தத் தடவை ஒரே டேக்கில் ஓகே.

சனிக்கிழமை குளித்து, சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, தொண்டைக்கு வெந்நீர் குடித்துவிட்டு டப்பிங் ஸ்டூடியோவுக்குப் போனேன். சவுண்ட் இன்ஜினியர் நிமிர்ந்து பார்த்தார். "உங்க சீன் வியாழக்கிழமையே முடிஞ்சிடுச்சே சார். உங்களுக்குச் சொல்லலையா?"

சொல்லவில்லை. முதல் படத்திலும் சொல்லவில்லை, இதிலும் சொல்லவில்லை. இயக்குநருக்குப் போன் போட்டேன். அவள் பாவம், நிஜமாகவே வருத்தப்பட்டாள். "அண்ணே, நான் அன்னிக்கு அங்க இல்ல. பேசினதை நேத்தே அடுத்த வேலைக்கு அனுப்பிட்டாங்க. இப்ப திரும்ப எடுத்தா தயாரிப்பாளர் என்னைக் கொன்னுடுவாரு. தப்பா நினைக்காதீங்க" என்றாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "பரவால்லம்மா" என்றேன். அப்போதாவது சண்டை போட்டிருக்கலாம். காலில் விழுந்திருக்கலாம். அதற்கும் எனக்குப் பழக்கம் இல்லை.

இன்ஜினியர் இரக்கப்பட்டு அதைப் போட்டுக் காட்டினார். திரையில் என் முகம், என் ஒட்டுத் தாடி. அதிலிருந்து கொஞ்சம் கரகரப்பான, அடிவயிற்றிலிருந்து வரும் ஒரு குரல். சொதப்பியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அந்தப் பாவி மிக நன்றாகப் பேசியிருந்தான்.

வீட்டில் மனைவியிடம் மட்டும் சொன்னேன். "சொன்னேன்ல?" என்று அவள் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் தேவலை. கேட்கவில்லை. "மாமாகிட்ட இப்பவே சொல்லிடுங்க" என்றாள். இன்று, நாளை என்று நாலு மாதம் ஓட்டினேன். அப்பாவோ எக்ஸ்சேஞ்சில் கூட வேலை பார்த்தவர்களுக்கெல்லாம் போன் போட்டு, "மூணு நிமிஷம் பேசறானாம். நான் கேட்டுட்டுச் சொல்றேன்" என்று சொல்லிக்கொண்டிருந்தார். முப்பத்து நாலு வருஷம் எல்லாருக்கும் லைன் கொடுத்த மனுஷன், தனக்கு ஒரு லைன் வருகிறது என்று காத்துக்கொண்டிருந்தார்.

படம் வந்தது. பகல் காட்சிக்குப் போனோம். அப்பா வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, தாடியை மழித்துக்கொண்டு, எனக்கும் என் மனைவிக்கும் நடுவில் உட்கார்ந்தார். இடைவேளைக்குப் பிறகு அந்தக் கதவு திறந்தது.

"மாமா, இதோ..." என்றாள் மனைவி.

அந்தக் குரல் பேச ஆரம்பித்தது. அப்பா அவள் கையை அழுத்தினார். "இரும்மா. யாரோ பேசறான், கேட்டுக்கறேன். அவன் வந்ததும் சொல்லு."

அவள் இருட்டில் என்னைப் பார்த்தாள். சொல்ல வேண்டாம் என்று நான் தலையை இடமும் வலமும் ஆட்டினேன். மூன்று நிமிஷமும் அப்பா அசையாமல் உட்கார்ந்து என்னைக் கேட்டார். என்னைக் கேட்டார் என்று எப்படிச் சொல்வது? என் முகம் அவ்வளவு பெரிசாக எதிரே நிற்கிறது. தியேட்டரில் முன்னூறு பேருக்கு அது தெரிகிறது. தெரிய வேண்டிய ஒருத்தருக்குத் தெரியவில்லை. முடிந்ததும் "என்னமாப் பேசறான்" என்று முணுமுணுத்துவிட்டு, காதைத் தீட்டிக்கொண்டு மறுபடி எனக்காகக் காத்திருந்தார்.

விளக்கைப் போட்டார்கள். அவர் எழுந்திருக்கவில்லை.

"எப்படா வந்தே? நான் கண் அசந்துட்டேனா?"

கையைக் கொடுத்து எழுப்பினேன். வெளியே கூட்டத்தில் அவர் கையைப் பிடித்து நடத்திக்கொண்டு வரும்போது ஒருத்தர் வழிமறித்து, என்னை மேலும் கீழும் பார்த்து, "உங்களை எங்கேயோ பார்த்திருக்கேனே. பேங்க்லதானே?" என்றார். அப்பாவின் விரல்கள் என் கைக்குள் ஒரு தடவை அசைந்தன.

வீட்டுக்கு வந்து, அவருக்குத் தண்ணீர் கொடுத்துவிட்டுச் சொன்னேன். "அப்பா, அந்த டிரைவர் நான்தான்."

"எந்த டிரைவர்?"

"வாசல்ல நின்னு பேசினானே, அவன். நடிச்சது நான். குரல் மட்டும் வேற ஒருத்தர் குடுத்துட்டாரு. அன்னிக்கு என்னால டப்பிங் போக முடியல."

அவர் தண்ணீரைக் குடித்து முடித்து, டம்ளரைத் தடவித் தடவி மேஜையில் வைத்தார்.

"அப்ப வெட்டிட்டாங்கன்னே. இப்ப குரலை மாத்திட்டாங்கங்கறே."

"சத்தியமாப்பா."

"நிஜம்தான் மாமா. நான் பார்த்தேன்" என்றாள் மனைவி.

"நீ அவனை விட்டுக் குடுக்க மாட்டேம்மா. அது எனக்குத் தெரியும்." பிறகு என் பக்கம் திரும்பினார். "அவ்வளவு நேரம் திரையில இருந்தவனை வாசல்ல ஒருத்தன் பேங்க்லயான்னு கேக்கறான். ஏன்டா, கண்ணு தெரியாதவன்தானே, எதைச் சொன்னாலும் நம்புவான்னு நினைச்சியா?"

அது தாடி, அது மேக்கப் என்றெல்லாம் ஏதோ சொன்னேன். சொல்லச் சொல்ல எனக்கே பொய் மாதிரி இருந்தது. அவர் எழுந்து, நாற்காலியின் முதுகைப் பிடித்துத் தள்ளி, ஜன்னல் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்துகொண்டார்.

ஐந்து நாள் அந்த நாற்காலி அப்படியே இருந்தது. இரண்டு மணிக்கு மனைவி டிவியைப் போட்டால், "வேண்டாம்மா" என்பார். வேஷம் கிடைக்காத மகனை அவர் சகித்துக்கொண்டிருந்தார். கண் தெரியாத அப்பனை ஏமாற்றுகிற மகனை அவரால் சகித்துக்கொள்ள முடியவில்லை. நான் எத்தனையோ விதத்தில் அவருக்கு ஏமாற்றமாக இருந்திருக்கிறேன், ஆனால் இந்த ஒன்றை மட்டும் நான் செய்யவில்லை. அதை நிரூபிக்க என்னிடம் ஒன்றும் இல்லை. பேர் போடும்போது கடைசியில் என் பேரும் வருகிறது, அதை அவர் படிக்க முடியாது.

ஆறாம் நாள் மதியம் ஷூட்டிங் இல்லை. மனைவி கடைக்குப் போயிருந்தாள். அப்பா ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தார். நான் வெளியே போய்ச் செருப்பைக் கழற்றிவிட்டு, எங்கள் வீட்டு வாசலிலேயே நின்றேன். அன்றைக்கு ஷூட்டிங்கில் நின்ற மாதிரியே நின்றேன். பேச ஆரம்பித்தேன்.

"அம்மா, நான் மன்னிப்பு கேக்க வரல. மன்னிப்பு கேட்டா நீங்க ஏதாவது பதில் சொல்லணும். அந்தக் கஷ்டம் உங்களுக்கு வேண்டாம். நான் இன்னமும் இதே ரோட்டுலதான் பஸ் ஓட்டறேன். வேற ரூட்டு கேட்டேன், குடுக்கல. உங்க வீட்டைத் தாண்டறப்ப ஹாரன் அடிக்கறதில்ல. அதைச் சொல்லிட்டுப் போலாம்னு வந்தேன்..."

ஒரு சொல் விடாமல் மூன்று நிமிஷமும் சொன்னேன். கேமரா முன்னால்கூட அப்படி வரவில்லை. கடைசி வரியில் என் குரல் உடைந்தது, அது வசனத்தில் இல்லாதது. அப்பாவின் தலை பாதியிலேயே என் பக்கம் திரும்பிவிட்டிருந்தது. ஹெட்போனில் யாரோ தூரத்திலிருந்து பேசுவதைப் பிடிக்கிற மாதிரி, காதுக்குப் பின்னால் கையை வைத்துக்கொண்டிருந்தார்.

முடித்தேன். அப்பா கையை நீட்டினார். பக்கத்தில் போனேன். தடவிப் பார்த்து என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். அவர் முகத்தில் கோபம் இல்லை. கண்ணில் நீர் கட்டியிருந்தது.

"ஒரே தடவை கேட்டதை இவ்வளவு மனப்பாடம் பண்ணியிருக்கியேடா. அவ்வளவு ஆசையா இருந்துதா?"

"அப்பா..."

"நல்லாப் பேசறேடா. அவனைவிட நல்லாப் பேசறே. எனக்குக் குரலைப் பத்தித் தெரியும், சும்மா சொல்லல." என் மணிக்கட்டை இன்னும் இறுக்கினார். "பாவிங்க. அந்த வேஷத்தை உனக்கே குடுத்திருக்கலாம்."

"குடுத்தாங்கப்பா" என்றேன்.

"சரிப்பா, சரி" என்று என் கையைத் தட்டிக்கொடுத்தார்.